ஓம் என்று அழித்த கோப்பு

சண்டைக் காலத்தில் திருகோணமலையில் நாங்கள் எல்லோரும் கற்று வைத்திருந்த ஒரு வித்தை, கேள்வி விளங்காவிட்டால் ஓம், ஆமாம் என்று தலையாட்டிவிடுவது. காவலரணில் ஆமிக்காரர் சிங்களத்தில் ஏதோ கேட்பார்கள், நாங்கள் தலையாட்டுவோம், அநேகமாக விட்டுவிடுவார்கள். அன்புவழிபுரத்திலிருந்து துறைமுகப் பக்கம் இருந்த ஒரு படம் பிடிக்கிற ஸ்ரூடியோவுக்கு வேலைக்குப் போய்வந்த காலமெல்லாம் நானும் தலையாட்டியவள்தான். என் முதலாளி கொம்பியூட்டருக்கும் அப்படித் தலையாட்டுவார் என்று மட்டும் நான் நினைத்திருக்கவில்லை.

இறக்கக்கண்டியிலிருந்து ஒரு அம்மா வந்திருந்தார். மகனைக் காணவில்லை. காணாமல் போனவர்களைத் தேடுகிற ஆட்கள் ஓர்ஸ் ஹில்லில் அன்று பின்னேரம் வரைதான் பதிவார்களாம். முகம் தெளிவாகத் தெரிகிற தனிப்படம் வேண்டுமென்று திருப்பி அனுப்பியிருந்தார்கள். அவரிடம் இருந்ததோ கலியாண வீட்டில் எடுத்த ஒரே ஒரு கூட்டப்படம். இடம்பெயர்ந்து மரத்தடியில் இருந்தபோது மழையில் நனைந்தது. மகனின் கன்னத்தில் கறை. அவனுக்குப் பக்கத்தில் நின்றவரை ஆள் யாரென்றே தெரியாமல் ஈரம் தின்றுவிட்டது.

படத்தை ஸ்கான் பண்ணிவிட்டு, கறை எடுக்கிற புறோகிராமைத் திறந்தேன். திறக்கவில்லை. டி.எல்.எல். என்று முடிகிற ஏதோ ஒரு கோப்பைக் காணவில்லை என்றது. நேற்றுவரை ஒழுங்காக வேலை செய்தது. முதலாளியைப் பார்த்தேன். கொம்பியூட்டரில் இடம் காணாதென்று காலையில் கலியாணக் கார்ட் அடிக்கிற பழைய புறோகிராமை நீக்கியதாகச் சொன்னார்.

"நீக்கேக்க இங்கிலீசில என்னவோ கேட்டது. நான் ஓம் எண்டனான்."

என்ன கேட்டிருக்கும் என்று எனக்குத் தெரியும். இது பொதுக் கோப்பு, வேறு புறோகிராம்களும் பாவிக்கக்கூடும், அழிக்கவா என்று கேட்டிருக்கும். படத்தைத் திறப்பது, நிறங்களைக் காட்டுவது போன்ற வேலைகளை ஒவ்வொரு புறோகிராமும் தனித்தனியாகச் செய்வதில்லை. அந்த வேலை தெரிந்த ஒரு கோப்பை ஒரு இடத்தில் வைத்து எல்லாம் பாவிக்கும். ஒரு வளவுக்குள் நாலு வீட்டுக்கு ஒரு கிணறு மாதிரி. ஒரு குடும்பம் வீடு மாறிப் போகிறதென்று கிணற்றை யாராவது மூடுவார்களா? எங்கள் முதலாளி மூடியிருந்தார்.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. ஆனால் அந்த அம்மாவுக்குக் கதிரை இழுத்துப் போட்டுவிட்டு முதலாளி நின்ற நிலையைப் பார்த்ததும் வாயை மூடிக்கொண்டேன். பாவம், பத்து வருசமாக ஓம் சொல்லியே உயிர் தப்பிய மனுசன்.

கறை எடுக்கிற புறோகிராமைத் திரும்பப் போடுவோமென்றால் அதன் சீடி கீறல் விழுந்து செத்திருந்தது. ஊரில் இருந்த கடைகள் எல்லாவற்றுக்கும் அதே சீடிதான் போய்வந்தது. அப்போதுதான் எனக்குப் பொறி தட்டியது. அடுத்த தெருவில் கிண்ணியாவிலிருந்து வந்த முஸ்லிம் நானா ஒருவர் அதே பழைய புறோகிராமில்தான் கார்ட் அடிக்கிறார். அவருடைய கொம்பியூட்டரிலும் அதே கோப்பு இருக்கத்தானே வேண்டும்?

ஓடினேன். முதலாளிக்கும் நானாவுக்கும் கதைபேச்சில்லை. அம்மாவின் விசயத்தைச் சொன்னதும் நானா ஒன்றும் கேளாமல் கோப்பைத் தேடிப் பிளொப்பியில் போட்டுத் தந்தார்.

வரும் வழியில் காவலரணில் பிளொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்து ஒரு ஆமிக்காரன் ஏதோ கேட்டான். தலை தானாக ஆடப் பார்த்தது. பிடித்து நிறுத்தி, விளங்கவில்லை என்று கையைக் காட்டினேன். அரணில் கிடந்த ஒரு கமராவைத் தொட்டு, துறைமுகத்தையும் பிளொப்பியையும் காட்டி மறுபடி கேட்டான். துறைமுகத்தைப் படம் எடுத்து வைத்திருக்கிறேனா என்கிறான். இல்லை என்றேன். விட்டுவிட்டான். ஓம் என்றிருந்தால் பிளொப்பியும் போயிருக்கும், நானும் போயிருப்பேன்.

கோப்பை உரிய இடத்தில் போட்டதும் புறோகிராம் ஒன்றும் நடவாதது போலத் திறந்தது. மகனை மட்டும் வெட்டி எடுத்தேன். அவனுடைய தோளில் ஒரு கை மட்டும் மிச்சமாகக் கிடந்தது. அழிக்க இரண்டு நிமிசம் போதும். அன்றைக்கு எனக்கு எதையும் கேளாமல் அழிக்க மனம் வரவில்லை.

"அம்மா, தோளில ஆரோ ஒராளின்ர கை கிடக்குது. அழிச்சுவிடவோ?"

அவர் எழும்பி வந்து திரைக்குக் கிட்டக் குனிந்து பார்த்தார்.

"வேண்டாம் பிள்ளை. அது என்ர கை."

கன்னத்துக் கறையை மட்டும் எடுத்து, அந்தக் கையோடு அச்சடித்துக் கொடுத்தேன்.