அம்சத்தின் ஐந்து மாதச் சலுகை

அம்சம் அக்காவை எனக்குப் பிடிக்காது. அவருக்கும் என்னைக் கண்டால் ஆகாது. நன்னிலம் பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒன்பது வருடமாக ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். ஒரு பக்கத்துக்கு இரண்டு ரூபாய் என்று சொன்னதற்காகக் கடை வாசலில் நின்று என்னைக் கொள்ளைக்காரன் என்று கத்திய ஒரே ஆள் அவர்தான். "சவுதிலேர்ந்து மூட்ட கட்டிட்டு வந்தியே பாய், அங்க சம்பாதிச்சது பத்தலையா? எங்கிட்ட வேற புடுங்கணுமா?" என்று கேட்டார். கடையில் நாலு பேர் நின்றார்கள். நாலு பேரும் சிரித்தார்கள்.

ஆனாலும் அவர் கதையை நான்தான் சொல்லியாக வேண்டும். அதில் நான் செய்த அயோக்கியத்தனமும் இருக்கிறது.

அக்காவுக்கு ஐம்பத்தொரு வயது. பதினாலு வயதில் நடவுக்கு இறங்கியவர். பிறகு இருபது பெண்களைத் திரட்டிக்கொண்டு ஊர் ஊராக நடவைப் பேசி எடுக்கும் அளவுக்கு வந்தார். கூலியில் ஐந்து ரூபாய் குறைந்தாலும் நட்ட வயலில் நின்று சண்டை போடுவார். கணவர் வீரையன் டிராக்டர் ஓட்டுகிறார். அதிர்ந்து பேச மாட்டார், பேசவும் அக்கா விடமாட்டார். இருவரும் சேர்ந்து மூன்று ஏக்கரைக் குத்தகைக்கு எடுத்துச் சம்பா போடுகிறார்கள்.

குடியிருந்தது ஒரு பண்ணைக் குடும்பத்தின் கொல்லையில். வீரையனின் அப்பா காலத்திலிருந்து அந்த இடம்தான். 2016இல் பண்ணையின் பேரப்பிள்ளைகள் இடத்தை விற்றுவிட்டு, எட்டு நாளில் காலி செய்யுங்கள் என்று ஒரு ஆளிடம் சொல்லி அனுப்பினார்கள். நேரில் வரக்கூட இல்லை. அன்றைக்கு அக்கா முடிவு செய்தார். சொந்த மனை, சொந்த வீடு, தன் பேரில் பத்திரம். போ என்று சொல்ல இனி ஒருத்தருக்கும் வாய் இருக்கக் கூடாது.

சம்பளச் சீட்டு இல்லாதவருக்கு எந்த வங்கி கடன் தரும்? எல்லாரும் கையை விரித்தார்கள். அப்போதுதான் வீட்டுக்கடன் கம்பெனி ஒன்று வீடு தேடி வந்தது. பேரைச் சொல்லி அவர்களுக்கு விளம்பரம் தருவதாக இல்லை. வந்தவன் ராம்கி. சட்டையை இன் பண்ணிக்கொண்டு, வாய் நிறைய அக்கா அக்கா என்று பேசுகிறவன். பத்து லட்சம், இருபது வருடம். "மாசம் பதினோராயிரத்துப் பதினொண்ணு அக்கா. மொய் வைக்கிற மாதிரி ராசியான தொகை" என்றானாம். வட்டி ஏறலாம் இறங்கலாம் என்று இருபத்திரண்டு பக்க ஆங்கிலப் பத்திரத்தில் எங்கோ இருந்தது. அதை அவன் வாயைத் திறந்து சொல்லவில்லை. அக்கா இருபத்திரண்டு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டார். மனை வாங்கி வீடு கட்டினார்கள், வீட்டுப் பத்திரம் கம்பெனியிடம் அடமானத்துக்குப் போனது.

எங்கள் பக்கத்துக் கடன் பழக்கம் ஒன்று உண்டு. வருடம் முழுக்க வட்டியைக் கட்டுவார்கள், அறுவடை முடிந்ததும் அசலில் ஒரு பிடி கொடுப்பார்கள். கூட்டுறவு சொசைட்டியிலும் நெல் வீட்டுக்கு வந்த பிறகுதான் கேட்பார்கள், வெயில் காலத்தில் நச்சரிக்க மாட்டார்கள். அக்கா இந்தப் பழக்கத்தை அப்படியே கம்பெனிக்குக் கொண்டுபோனார். மாதாமாதம் வங்கிக் கணக்கிலிருந்து தவணை போய்விடும். மாசியில் நெல் பணம் வந்ததும் ஐம்பத்தையாயிரத்து ஐம்பத்தைந்து ரூபாய்க்குச் செக் எழுதிக்கொண்டு போய், "அசல்ல வரவு வச்சுக்கங்க தம்பி" என்பார். ராம்கி வாங்கிக்கொண்டு ரசீது தருவான்.

அதற்குப் பிறகு ஐந்து மாதம் கணக்கிலிருந்து தவணை பிடிக்க மாட்டார்கள். முதல் வருடம் அக்கா பயந்துபோய்க் கேட்டிருக்கிறார். "உங்களுக்கு அஞ்சு மாசம் சலுகை அக்கா, ஜாலியா இருங்க" என்றானாம். படுபாவி. அக்காவுக்கு அது சந்தேகமாகவே படவில்லை. சொசைட்டிக்காரன் வெயில் காலத்தில் கேட்பதில்லை, இவனும் கேட்கவில்லை, அவ்வளவுதான். மிஞ்சிய பணம் விதை நெல்லுக்கும் உரத்துக்கும் போனது. ஊரெல்லாம் அந்தக் கம்பெனியைப் புகழ்ந்து பேசினார். அவர் பேச்சைக் கேட்டு இன்னும் இரண்டு பேர் அங்கே கடன் வாங்கினார்கள்.

ரசீது வெயிலில் எழுத்து மங்குகிற தாளில் வரும். அதனால் ஒவ்வொன்றையும் என் கடையில் நகல் எடுத்துப் பத்திரமாக வைத்துக்கொள்வார். அவ்வளவு சூதானம். ஏழு அறுவடையில் ஒன்று புயலில் போனது, ஒன்று கதிர் முற்றும் நேரத்து மழையில் போனது. மிச்சம் ஐந்து ரசீது. முதல் ரசீதை மெஷினில் வைக்கும்போதே அதில் அட்வான்ஸ் இ.எம்.ஐ. என்று ஆங்கிலத்தில் இருந்ததைப் பார்த்தேன். அசலில் கழியவில்லை, வரப்போகிற ஐந்து தவணையை முன்கூட்டியே எடுத்துக்கொள்கிறார்கள் என்பது எனக்குப் புரிந்தது. சொல்லியிருக்கலாம். ஆனால் கொள்ளைக்காரன் என்று அவர் கத்தியது அதற்கு முந்தின வாரம்தான். அனுபவிக்கட்டும் என்று வாயை மூடிக்கொண்டேன். பிறகு ஒவ்வொரு மாசியும் சொல்ல நினைத்து, இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று கேட்டால் என்ன பதில் சொல்வது என்று விட்டுவிட்டேன்.

இந்த வருடம் பங்குனியில் அக்கா கடனை அடைக்கக் கிளம்பினார். அவர் போட்ட கணக்கு இதுதான்: அறுவடைப் பணம் இரண்டே முக்கால் லட்சம் அசலில் போயிருக்கும், எட்டு வருடத் தவணையில் இன்னொரு இரண்டேகால் கரைந்திருக்கும், பாக்கி ஐந்து. கழுத்தில் தாலிக்கொடியைத் தவிர இருந்த நகையை விற்றார், சீட்டுப் பணத்தை எடுத்தார், இந்த வருட நெல்லையும் சேர்த்தார். ஐந்து லட்சம். அன்றைக்கே பத்திரம் கைக்கு வந்துவிடும் என்று புதுச் சேலை கட்டிக்கொண்டு போனார்.

"பாக்கி எட்டு லட்சத்து எழுபத்தேழாயிரம் அக்கா" என்றான் ராம்கி.

அக்கா சிரித்தாராம். "வேற யாரு கணக்கயோ பாக்குற தம்பி. ஏம் பேரப் போட்டுப் பாரு."

அவர் பேர்தான். ஆறு பக்கக் கணக்கை அச்செடுத்துக் கையில் கொடுத்து, அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டான்.

நேராக என் கடைக்கு வந்தார். மேசையில் தாளைப் போட்டார். "பாய், இத வாசி. ஒரு எழுத்து விடாம வாசி. பக்கத்துக்கு ரெண்டு ரூவா தாறேன்."

வாசித்தேன். முதல் மாதத் தவணை பதினோராயிரத்துப் பதினொன்றில் வட்டி பத்தாயிரம், அசல் ஆயிரத்துப் பதினொன்று. இரண்டரை வருடத்துக்கு முன் வட்டி பன்னிரண்டிலிருந்து பதிமூன்றரைக்கு ஏறியிருக்கிறது. தவணையைக் கூட்டவில்லை, சத்தமில்லாமல் வருடத்தைக் கூட்டிவிட்டார்கள். அந்த மாதம் அசலுக்குப் போனது எண்ணூற்றுப் பதினேழு ரூபாய். பதினாலரை வருடம் பாக்கி இருந்தது பத்தொன்பது வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. எட்டு வருடத்தில் அக்கா கட்டியது பத்து லட்சத்து ஐம்பத்தேழாயிரம். அதில் அசல் கழிந்தது ஒன்றேகால் லட்சம்கூட இல்லை.

"அறுவடப் பணம்?"

"அது அசல்ல போகலக்கா. அஞ்சு தவணைய முன்னாடியே எடுத்துக்கிட்டானுவ. அதான் அஞ்சு மாசம் புடிக்கல."

அக்கா தாளை ஒரு தடவை புரட்டினார். பிறகு கேட்டார். "ரசீதுலயும் இப்புடித்தான் போட்டுருந்துச்சா?"

"ஆமா."

"நீ பாத்தியா?"

பொய் சொல்ல வாய் வரவில்லை. "பாத்தேன்க்கா. மொத ரசீதுலயே."

மேசையிலிருந்த ஸ்டேப்ளர் என் காதை ஒட்டிப் பறந்து சுவரில் அடித்தது. "அட நாசமாப் போறவனே! அவன் களவாணி, அவன் பொழப்பு அது. நீ ஏண்டா பாத்துக்கிட்டே இருந்த? ரெண்டு ரூவாய்க்கு ஏசுனேன்னா? ரெண்டு ரூவாய்க்கா ஏங் குடியக் கெடுத்த?"

எனக்கும் பொத்துக்கொண்டு வந்தது. தப்பு செய்தவனுக்குத்தான் கோபம் அதிகம் வரும்போல. "வாத்தியாரு மவன் இருக்கான்ல, அவன்கிட்ட காட்டுறதுக்கு என்னா?" என்று கத்தினேன். அக்காவின் மகன் அறிவுச்செல்வன் மயிலாடுதுறையில் தனியார் பள்ளி ஆசிரியர். கடன் வாங்காதே என்று ஆரம்பத்திலேயே சண்டை போட்டவர். அவரிடம் ரசீதைக் காட்டினால் தோற்றுப்போனதாக ஆகிவிடும் என்று அக்கா காட்டவே இல்லை. அது எனக்குத் தெரியும். தெரிந்துதான் குத்தினேன்.

அக்கா தாளைச் சுருட்டினார். "ஒத்தப் பைசா தரமாட்டேன் இனிமே. ஜப்திக்கு வரட்டும். வாசல்ல நின்னு வெட்டுவேன்."

"வெட்டிட்டு ஜெயிலுக்குப் போங்க, வீட்ட அவன் ஏலம் விடுவான். உக்காருங்கக்கா! இந்த ஒரு கணக்க மட்டும் கேளுங்க" என்று கணினியைத் திருப்பினேன். இப்படியே விட்டால் இன்னும் இருநூற்றிரண்டு மாதம். அதற்குக் கட்ட வேண்டியது இருபத்திரண்டு லட்சத்து இருபத்துநாலாயிரம். கட்டியதையும் கூட்டினால், பத்து லட்சம் வாங்கியதற்கு ஏறக்குறைய முப்பத்துமூன்று லட்சம். முடியும்போது அக்காவுக்கு வயது அறுபத்தெட்டு.

"அறுவத்தெட்டா?" என்றார். முதல் தடவையாகக் குரல் இறங்கியது. "அதுவரைக்கும் நான் நடவுக்குக் குனியணுமா?"

"வேணாம். இந்த அஞ்சு லட்சத்த அசல்லதான் கழிக்கணும்னு எழுதிக் குடுத்துக் கட்டுங்க. மூணே முக்கால் லட்சம் பாக்கி நிக்கும். இதே தவணைய கட்டுனா நாப்பத்துநாலு மாசத்துல முடிஞ்சிரும். ஏறி எறங்குற வட்டிக்கு முன்கூட்டிக் கட்டுனா அபராதம் போடக் கூடாது. கேட்டான்னா சட்டையப் புடிங்க."

அக்கா சேலையைச் சரிசெய்துகொண்டு எழுந்தார். "எழுது மனு. தமிழ்ல எழுது. நாளைக்கு நீயும் வரணும். வரலைன்னா ஒங்கடை இருக்காது."

மறுநாள் காலை அக்கா, வீரையன், நான் மூன்று பேரும் போனோம். ராம்கி மனுவைப் படித்துவிட்டு, இதெல்லாம் மேலிடத்தில் கேட்க வேண்டும், ஒரு வாரம் ஆகும் என்றான். அக்கா வாடிக்கையாளர் நாற்காலியை இழுத்து வாசலுக்குக் குறுக்கே போட்டு உட்கார்ந்தார். உள்ளே வர வந்தவர்களிடமெல்லாம், "எவ்வளவு கடன்? எத்தனை வருசம்? அறுவடப் பணம் குடுத்தியா? எதுல வரவு வச்சான்னு கேட்டியா?" என்று விசாரிக்க ஆரம்பித்தார். புதிதாகக் கடன் வாங்க வந்த ஒரு புருஷன் பெண்டாட்டி அப்படியே திரும்பிப் போய்விட்டார்கள். அரைமணி நேரத்தில் மேலாளர் வெளியே வந்தார். மேலிடம் உடனே சம்மதித்துவிட்டது.

செக்கை நீட்டும்போதுதான் ராம்கி கடைசி வலையை வீசினான். "அக்கா, ஒங்க நல்லதுக்குச் சொல்றேன். வருசத்தக் குறைக்காதீங்க, தவணையக் குறைச்சுக்கங்க. மாசம் பதினோராயிரம் எதுக்கு? நாலாயிரத்து எழுநூத்தி முப்பத்தெட்டு கட்டுனாப் போதும். நிம்மதியா இருக்கலாம்."

வீரையன் வாயைத் திறந்தார். அத்தனை வருடத்தில் அவர் ஒரு பொது இடத்தில் பேசி நான் கேட்டது அன்றைக்குத்தான். "அம்சம், அது நல்லாத்தானே இருக்கு. எனக்கும் முட்டி வலிக்குது. மாசம் ஆறாயிரம் மிஞ்சும்ல?"

அக்காவின் கை செக்கோடு அப்படியே நின்றது. மாதம் ஆறாயிரம். எட்டு வருடமாக மாதக் கடைசியில் அவர் பட்ட பாட்டை எண்ணிப் பார்க்கிறார் என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. சரியென்று சொல்லிவிட்டால் எல்லாம் போச்சு.

அவர் என் பக்கம் திரும்பினார். "பாய், மாசக் கணக்கு வேணாம். ரெண்டுக்கும் மொத்தமா எவ்வளவு?"

"நாலாயிரத்து எழுநூறுன்னா அதே இருநூத்திரெண்டு மாசம். ஒம்போது லட்சத்து ஐம்பத்தேழாயிரம். பழைய தவணைன்னா நாலு லட்சத்து எண்பதாயிரம்."

"பாதிக்குப் பாதி" என்றார் அக்கா. ராம்கியைப் பார்த்தார். "வருசத்தக் குற."

"கஷ்டம் வந்தா கட்ட முடியாதுக்கா..."

"கஷ்டம் வந்தா ஒங்கிட்டயாடா வருவேன்? எட்டு வருசமா நீதாண்டா ஏங் கஷ்டம். வருசத்தக் குறைன்னேன்."

குறைத்தான். அசலில் ஐந்து லட்சம் கழிந்தது, இன்னும் நாற்பத்துநாலு தவணை என்று முத்திரை வைத்துக் கடிதம் வந்தது. மேலாளரே அதை நின்றுகொண்டு தமிழில் சொல்ல வேண்டும் என்றார் அக்கா. சொன்னார். அக்கா இரண்டாம் தடவையும் சொல்லச் சொன்னார்.

வெளியே வந்ததும் வீரையன் தேநீர் சொல்லப் போனார். அக்கா மடியிலிருந்து நூறு ரூபாயை எடுத்து என் சட்டைப் பையில் திணித்தார்.

"வேணாங்கக்கா. என்னாலயும்தானே..."

"புடி. சும்மா செஞ்சேன்னு நீ நிம்மதியாத் தூங்குறதுக்கா? காச வாங்கிக்க. ஒன்ன நான் மன்னிக்கல."

வாங்கிக்கொண்டேன். அதற்குப் பிறகு அக்கா என் கடைப் பக்கம் வரவில்லை. இப்போதெல்லாம் தாலுகா ஆபீஸ் பக்கத்துக் கடையில் நகல் எடுக்கிறார். அங்கே பக்கத்துக்கு மூன்று ரூபாய். ஒரு வார்த்தை பேசாமல் கொடுத்துவிட்டுப் போகிறாராம்.