கோட்டை பார்க்கப் போனவன்

அப்போது சண்டை ஓய்ந்து, எங்கள் கடற்கரை ஊரான வங்காலையில் மக்கள் மீளக் குடியேறிக்கொண்டிருந்தார்கள். நான் ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியன். இந்திய அகதி முகாமிலிருந்து திரும்பியிருந்த மீனவன் ஜெறாட், தாய் பிலோமினாவோடு என் வீட்டுக்கு வந்தான். சேர்பியாவுக்குச் சுற்றுலாப் போகிறானாம். விசாவுக்குக் கேள்வி கேட்பார்களாம். பார்க்கும் இடங்களை நான் சொல்லிக்கொடுக்க வேண்டுமாம்.

எனக்குப் பெருமையாக இருந்தது. பெல்கிறேட், நோவி சாட் என்ற இரண்டு பழைய நகரங்களையும் அவற்றின் கோட்டைகளையும் விளக்கினேன். அவன் கோட்டைகளைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

"சேர், அந்த டானியூப் ஆறு எவ்வளவு அகலம்? மேல போனால் அக்கரை வேற நாடுதானே?"

"சுத்திப் பாக்கப் போறவனுக்கு அக்கரை என்னத்துக்கடா?"

"சும்மா கேட்டனான், சேர்" என்று சிரித்தான்.

சுற்றுலா வெறும் சாட்டு, களவாக ஆறு கடக்கப் போகிறான் என்பது எனக்கு விளங்கிவிட்டது. இருந்தும் அகலத்தைச் சொன்னேன். நீரோட்டத்தையும் சொன்னேன். தெரிந்ததைச் சொல்லாமல் இருக்க என் வாய்க்குத் தெரியாது.

பிலோமினா என்னைப் பார்த்தார். "சண்டைக்குள்ள படகில ஓடினதில இருந்து எனக்குத் தண்ணியெண்டால் பயம். இது பிளேனில போய்ப் பிளேனில வாறதுதானே, சேர்?"

"ஓம்" என்றேன்.

ஜெறாட் நோவி சாட்டிலிருந்து தாயோடு ஒரு முறை போனில் பேசினான். "நாளைக்குக் கோட்டை பாக்கப் போறன், அம்மா." அதன்பின் அவன் குரலை யாரும் கேட்கவில்லை.

ஞாயிறு பூசை முடிந்தால் பிலோமினா இன்றும் என்னிடம் வருகிறார்.

"அந்தக் கோட்டை அவ்வளவு பெரிசோ, சேர்?"

"பெரிசுதான்" என்கிறேன். அதன் அடியில் ஆறு ஓடுவதை இன்னும் அவருக்குச் சொல்லவில்லை.