அப்பா காயப்படுத்திய ரப்பர் மரம்

போன ஞாயிறு எங்கள் ரப்பர் தோட்டத்து லயத்துக்குப் படம் எடுக்க ஆள் வந்திருந்தது!

(நானும் புது சல்வாரை அயர்ன் பண்ணிப் போட்டுக்கொண்டு நின்றேன். கேமரா என் பக்கம் திரும்பவே இல்லை.)

வந்தவர் நிர்மலி மிஸ். கொழும்பு. சொந்தமாகப் படம் எடுப்பவர், ஓவியமும் வரைவாராம். லைட் இல்லை, கூட ஆள் இல்லை. புளத்கொகுபிட்டிய பஸ்ஸில் நின்றுகொண்டே வந்திருக்கிறார்.

போட்டோ இல்லாத வீடுகளில் செத்துப்போனவர்களை எப்படி நினைவு வைத்திருக்கிறார்கள்? அதுதான் அவருடைய படம்.

அதற்கு எங்கள் வீட்டை விட்டால் வேறு வீடு இல்லை. அப்பாவுக்கு இருந்த போட்டோக்களை எல்லாம் ஐடென்டி கார்டு விண்ணப்பத்தோடு கொடுத்தாயிற்று. கார்டு வருவதற்குள் அவர் போய்விட்டார். போட்டோவும் திரும்பி வரவில்லை. எனக்கு அப்போது மூன்று வயது.

அவர் முகம் எப்படி இருக்கும் என்று மிஸ் அம்மாவிடம் சிங்களத்தில் மெதுவாகக் கேட்டார்.

அம்மா என்னைப் பார்த்துத் தமிழில் சொன்னார்.

"மொகம் வர மாட்டேங்குதுடி."

அழுதுவிட்டார். எனக்கு மிஸ் மேல் பற்றிக்கொண்டு வந்தது. நாலு வார்த்தை கேட்கலாம் என்று திரும்பினால், மிஸ் கேமராவை மூடிப் பைக்குள் வைத்துவிட்டிருந்தார்.

அழுகிற முகத்தைக் கிட்டே வந்து எடுக்கிறவர்களைத்தான் நான் டீவியில் பார்த்திருக்கிறேன். இவர் பக்கத்தில் உட்கார்ந்து பிளேன்டீயைக் குடித்தார்.

கொஞ்ச நேரத்தில் அம்மாவே எழுந்து எங்களை மூன்றாம் நம்பர் மலைக்குக் கூட்டிப்போனார். அம்மாவும் அப்பாவும் பால் வெட்டிய, இந்த வாரம் சாய்க்கவிருந்த பழைய ரப்பர் மரங்கள் அங்கேதான் நின்றன.

ஒழுங்காகப் பால் வெட்டினால் பட்டை வழவழவென்று வளர்ந்து மூடிவிடும். கத்தி ஆழமாக இறங்கினால் அந்த இடம் புடைத்து அப்படியே நின்றுவிடும். அம்மா வெட்டிய வரிசை வழவழ. அப்பாவின் வரிசையில் மரத்துக்கு மரம் புடைப்பு!

அம்மா ஒரு மரத்தைத் தடவிக்கொண்டே நின்றார்.

"கங்காணி ஏசாத நாளில்ல. ஏச்சு வாங்கிட்டு என்னயப் பாத்து சிரிப்பாரு." கை நின்றது. "மேல் பல்லு ஒண்ணு ஒடஞ்சிருக்கும்டி. இப்ப வருது."

அப்பாவின் முகத்தில் எனக்குத் தெரிந்த முதல் விஷயம் அந்தப் பல்.

எடுங்க மிஸ் என்று சைகை காட்டினேன். அவர் தலையாட்டி மறுத்துவிட்டு, பையிலிருந்து பெரிய காகிதத்தை எடுத்து மரத்தில் வைத்துக் கரித்துண்டால் தேய்த்தார். புடைப்பெல்லாம் கறுப்பாக எழும்பி வந்தது. அதை அம்மா கையில் கொடுத்துவிட்டு பஸ் ஏறிவிட்டார்.

அவருக்கென்று ஒன்றும் எடுத்துப்போகவில்லை. இப்படியும் ஒரு படக்காரி! நன்றி மிஸ்.

புதன்கிழமை மரங்கள் விழுந்தன. காகிதம் சாமிப் படங்களுக்குப் பக்கத்தில் இருக்கிறது.

இன்று வெள்ளி. அம்மா குங்குமத்தோடு அதன்முன் நின்று பொட்டு வைக்க இடம் தேடினார். கடைசியில் பெரிய புடைப்பின் மேல் வைத்தார்.

"இதுக்குத்தான் ரொம்ப ஏச்சு வாங்குனாரு" என்றார்.