சத்தமில்லாத வாணம்

நேற்று சாயங்காலம் என் மகன் கைப்பேசியை என் மூக்குக்கு நேரே நீட்டினான். புதிதாக வரப்போகிற வீடியோ கேம் பெட்டிக்கு முதல் நாளே என்னென்ன ஆட்டங்கள் கிடைக்கும் என்று போட்டிருந்தது. விரலால் தள்ளத் தள்ளப் பட்டியல் கீழே போய்க்கொண்டே இருந்தது. "இதுல எது வாங்கலாம், நீயே சொல்லுப்பா" என்றான். அது மரியாதைக்குக் கேட்பது. முடிவெடுத்த பிறகுதான் இந்தப் பிள்ளைகள் நம்மிடம் வருவார்கள். நான் படிக்கிற பாவனையில் கண்ணாடியை ஏற்றி இறக்கிக்கொண்டிருந்தேன். மனசு என்னவோ திருவொற்றியூர் தேரடிப் பக்கம் இருந்த ஒரு கேசட் கடைக்குப் போய்விட்டது. அங்கேயும் ஒரு நாள் இப்படிப் புதுப் பெட்டி வந்து இறங்கியது. அதோடு வந்த ஆட்டங்கள் நாலே நாலு.

கேசட் கடை வாசனை உங்களுக்கு ஞாபகம் இருக்கிறதா? சூடேறிய பிளாஸ்டிக்கும் தூசியும் கலந்த ஒரு வாடை. எங்கள் கடையில் அதோடு ஊதுபத்தியும் சேரும். மேற்கே மணலி எண்ணெய் ஆலைப் பக்கத்திலிருந்து காற்று திரும்பினால் கேஸ் நாற்றம் தெருவெங்கும் வந்து உட்கார்ந்துகொள்ளும். கடைக்கார அண்ணாச்சி உடனே ஒரு கொத்து ஊதுபத்தியைக் கொளுத்தி வாசலில் செருகுவார். நாற்றம் போகாது. ஊதுபத்தி மணமும் கெட்டுப்போகும். அவ்வளவுதான் லாபம்.

அண்ணாச்சிக்கு ஊர் திருநெல்வேலிப் பக்கம். வாடகைக்குப் படக் கேசட் விட்டுப் பிழைத்தவர். நான் அப்போது கல்யாணமாகாதவன். பக்கத்துத் தொழிற்சாலையில் ஃபிட்டர். வியாசர்பாடியில் எங்கள் வீட்டில் கால் நீட்டிப் படுக்க இடம் கிடையாது என்பதால் அண்ணாச்சி கடையின் மொட்டைமாடி அறையில் வாடகைக்கு இருந்தேன். கடைக்குப் பின்னால் அவர் வீடு. வீட்டில் அவரும் அவர் மனைவி செல்வக்கனி அக்காவும் மட்டும்தான். அக்கா சாத்தூர்க்காரர். அதிகம் பேசமாட்டார். மீன் குழம்பு வைத்தால் மட்டும் மாடிப்படியில் ஒரு கிண்ணம் வந்து உட்கார்ந்திருக்கும்.

கேபிள் டிவி வந்து கேசட் வியாபாரம் படுத்தபோது, அண்ணாச்சியிடம் வீடியோ கேம் ஆசையைக் கிளப்பியது நான்தான். "ஸ்கூல் பசங்கள்லாம் வருவாங்க அண்ணாச்சி" என்றேன். என் ஆசையைப் பள்ளிக்கூடப் பசங்கள் தலையில் ஏற்றிச் சொன்னேன் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை இருவரும் பீச் ஸ்டேஷனில் இறங்கி பர்மா பஜாருக்குப் போனோம். கறுப்பாக, செங்கல் மாதிரி கனமான ஒரு பெட்டியைக் கடைக்காரன் துணி விலக்கிக் காட்டினான். கப்பலில் வந்து இறங்கிச் சில நாள்தான் ஆகியிருந்தது.

"ஃபுட்பால் கேம் கீதாபா?" என்று கேட்டேன்.

"மிஷினே இப்பதான் வந்துக்குது. கேமெல்லாம் இனிமேதான் வரும். இப்ப இந்த நாலுதான். வேணும்னா எட்த்துக்க."

எடுத்துக்கொண்டோம். ஒன்று கார் பந்தயம். ஒன்று ஆளை ஆள் அடித்துத் துவைப்பது. மூன்றாவது, பனிமலையில் பலகை மேல் நின்று சறுக்குவது. சித்திரை வெயிலில் பனியன் நனைய நனைய உட்கார்ந்து பனியில் சறுக்கியவர்கள் உலகத்திலேயே நாங்கள்தான் என்று நினைக்கிறேன். நாலாவதுதான் யாருக்கும் புரியாத ஆட்டம். இருட்டு வானத்தில் வாணங்கள் எரியும் விதைகள் மாதிரி ஏறி வரும். ஒரே நிறத்து வாணங்களைக் கோடு இழுத்துச் சேர்த்து, சரியான சமயத்தில் பொத்தானை அமுக்கினால் எல்லாம் சேர்ந்து வெடித்து விரியும். சேர்க்கத் தவறினால் அப்படியே அணைந்துபோகும்.

என் கூட்டாளி சூரி நெட்டுக்குப்பத்துக்காரன். மீன்பிடிக்கப் படகில் போகாத நாளெல்லாம் கடையில்தான் இருப்பான். அவன் அதை ஒரு தடவை போட்டுப் பார்த்துவிட்டுக் பொத்தான் வைத்த கைப்பிடியைக் கீழே வைத்தான். "இன்னா மாமு இது? பட்டாசு வெடிக்கறத்துக்கு ஒரு மிஷினா? நம்ம தெருவுல கல்யாணம்னாலே வெடிக்கறானுங்க. பேஜாருபா." அதோடு அந்த ஆட்டத்தின் சிடித் தட்டு மூலைக்குப் போயிற்று.

பட்டாசு என்றதும் இன்னொன்று. அண்ணாச்சி வீட்டில் தீபாவளிக்கு வெடி கிடையாது. அதுகூடப் பரவாயில்லை, எத்தனையோ வீட்டில் கிடையாது. ஆனால் அன்றைக்கு விடிந்ததிலிருந்து அக்கா ஜன்னல்களைச் சாத்திவிட்டு மிக்ஸியை ஓடவிடுவார். அரிசி, பருப்பு, மிளகாய் என்று அரைத்துக்கொண்டே இருப்பார். வெளியே சரவெடி உச்சத்துக்குப் போனால் உள்ளே மிக்ஸியும் உச்சத்துக்குப் போகும். பலகாரத்தில் இவ்வளவு அக்கறையா என்று நான் நினைத்துக்கொண்டேன். அந்த வயசில் எனக்கு எல்லாம் பலகாரமாகத்தான் தெரியும்.

பெட்டி வந்த கொஞ்ச நாளில் ஒரு மத்தியானம். அண்ணாச்சி சாப்பிட்டுவிட்டு உள்ளே படுத்திருந்தார். ஷட்டர் இறக்கியிருந்தது. நான் தனியாகப் பனியில் சறுக்கி விழுந்துகொண்டிருந்தேன். சாப்பிட்ட தட்டை எடுக்கப் பின்வாசல் வழியாக அக்கா வந்தார். மூலையில் கிடந்த வாணத் தட்டின் உறையில் இருந்த படத்தைக் குனிந்து பார்த்தார்.

"இது என்ன தம்பி?"

"வாணம் உடற கேமுக்கா. எவனும் ஆட மாட்டேங்கறான்."

"போடு, பாப்போம்."

எனக்கு மிக்ஸி ஞாபகம் வந்தது. தயங்கினேன். அக்கா என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சத்தத்த மட்டும் அணைச்சிரு" என்றார்.

சத்தத்தை அணைத்தேன். அக்கா ஈரக்கையை முந்தானையில் துடைத்துவிட்டு, கைப்பிடியைச் சூடான பாத்திரம் பிடிக்கிற மாதிரி பிடித்துக்கொண்டு, பெஞ்சு நுனியில் உட்கார்ந்தார். முதலில் வந்த வாணங்கள் எல்லாம் அணைந்துபோயின. அப்புறம் ஒரு சிவப்பு, இன்னொரு சிவப்பு, மூன்றாவது. பொத்தானை அமுக்கினார். திரை முழுக்கச் சிவப்பு விரிந்து, இழை இழையாகக் கீழே இறங்கியது. ஒரு சின்னச் சத்தம்கூட இல்லை.

"இப்படித்தான் விரியுமா?" என்றார். என்னிடம் கேட்டதாகத் தெரியவில்லை.

திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே பேசினார். "நானும் எந் தங்கச்சி பேச்சியும் சின்ன வயசுல பட்டாசு செட்டுக்கு வேலைக்குப் போனோம் தம்பி. பேன்சி வாணம் சுத்துறது. நாங்க சுத்துனதெல்லாம் பெட்டி பெட்டியா மெட்ராசுக்கும் பம்பாய்க்கும் போயிரும். மேல போயி எப்படி விரியும்னு எங்களுக்குத் தெரியாது. லேபிள்ல படம் இருக்கும். பேச்சி அதையே பாத்துக்கிட்டிருப்பா. 'யக்கா, ஒண்ணே ஒண்ணு கொளுத்திப் பாக்கணும்க்கா'ம்பா."

பச்சை வாணங்கள் வந்தன. அக்கா சேர்த்தார். விரிந்தன.

"ஒரு நா எனக்குக் காய்ச்ச. நான் போகல. அவ மட்டும் போனா. அந்தச் சத்தம் எங்க வீடு வரைக்கும் கேட்டுச்சு."

  அடுத்த வாணம் ஏறும்போது அக்கா கேட்டார்.

"இதுல தப்பா அமுக்கிட்டா யாருக்கும் ஒண்ணும் ஆகாதுல்ல?"

"ஒண்ணும் ஆவாதுக்கா. மறுபடி மொதல்லேந்து ஆடலாம்."

"நல்லாத்தான் செஞ்சிருக்கான்" என்றார்.

அப்போதுதான் திரும்பிப் பார்த்தேன். பின்வாசல் நிலையில் அண்ணாச்சி நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரமாக நின்றார் என்று தெரியாது. கடை திறக்கிற நேரம். வெளியே சூரி ஷட்டரைத் தட்ட ஆரம்பித்துவிட்டான்.

"அண்ணாச்சி! இன்னா ஷட்டரு இன்னும் எறங்கிக்கீது?"

"கரண்டு இல்லலே. அப்புறமா வா" என்றார் அண்ணாச்சி உள்ளே இருந்தபடியே.

"இன்னா டபாய்க்கறீங்கோ? உள்ள ஃபேனு சுத்துற சவுண்டு கேக்குது!"

அண்ணாச்சி சத்தமில்லாமல் நடந்து வந்து மின்விசிறியை அணைத்தார். அப்படியே சுவரில் சாய்ந்து நின்றுகொண்டார். அந்த வெக்கையில் மூன்று பேருக்கும் வேர்வை வழிந்தது. அக்கா எதையும் கவனிக்கவில்லை. நீலத்தைச் சேர்த்துக்கொண்டிருந்தார்.

அந்தக் கோடை முழுக்க இதுதான் நடந்தது. மத்தியானம் ஆனால் அண்ணாச்சி கடைக்கு மட்டும் கரண்டு போய்விடும். சூரி டீக்கடையில் போய், "அண்ணாச்சிக்கு லைன்ல இன்னாவோ கோளாறு மாமு, நல்ல ஒயர்மேனா பாத்து இட்டாரணும்" என்று உண்மையிலேயே கவலைப்பட்டுக்கொண்டிருந்தான். அக்கா நன்றாகத் தேறிவிட்டார். ஒரே அமுக்கில் வானத்தை நிறைத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரிப்பார். அவர் பல் தெரியச் சிரித்து நான் பார்த்தது அந்தக் கோடையில்தான்.

இதனால் எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்காதீர்கள். நானும் அப்படித்தான் எதிர்பார்த்தேன். அந்த வருடத் தீபாவளிக்கும் அக்கா ஜன்னல்களைச் சாத்தினார், மிக்ஸி ஓடியது.

பிறகு கால்பந்து ஆட்டம் வந்தது. வியாசர்பாடியிலிருந்துகூடப் பையன்கள் வந்தார்கள். மைதானத்தில் ஆடிவிட்டு மண்காலோடு வந்து உட்கார்ந்து இங்கேயும் அதையே ஆடினார்கள். பெஞ்சு போதாமல் தரையில் சாக்கு விரித்தோம். மத்தியானம் ஷட்டரை இறக்கினால் பிழைப்பு போய்விடும் என்ற நிலை. ஒரு நாள் அக்கா பின்வாசலில் வந்து நின்று, கூட்டத்தைப் பார்த்தார். அண்ணாச்சி எழுந்து, "ஏய், எல்லாரும் கொஞ்சம் வெளிய இருங்கப்பா" என்று ஆரம்பித்தார்.

"வேண்டாங்க. பிள்ளைக ஆடட்டும்" என்று சொல்லிவிட்டு அக்கா உள்ளே போய்விட்டார்.

பெட்டி ஓயாமல் ஓடி ஓடி, தட்டைப் படிக்கிற அதன் லென்ஸ் கண் மங்கிவிட்டது. ரிப்பேர் செய்த பிறகு மற்ற தட்டுகள் ஓடின. வாணத் தட்டு மட்டும் சுற்றும், நிற்கும், மறுபடி சுற்றும். வானம் வரவே வராது. அண்ணாச்சி யாரிடமும் சொல்லாமல் பர்மா பஜாருக்குப் போய்க் கேட்டிருக்கிறார். "அந்த கேமா? அத்த எவனும் கேக்கலபா, அதான் திரும்ப வர்வைக்கல" என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

இப்போது யோசித்தால் எனக்கு இதுதான் தோன்றுகிறது. அது பெட்டியோடு முதல் நாளே வந்ததால் மட்டுமே எங்கள் கைக்கு வந்த ஆட்டம். வேறு எதுவும் கிடைக்காதபோது மட்டும் சில பொருள்கள் நம் வீட்டுக்குள் வருகின்றன. எல்லாம் கிடைக்க ஆரம்பித்த பிறகு அவற்றுக்கு இடமில்லை. நாலு ஆட்டம் இருந்த கடையில் அக்காவுக்கு ஒரு பெஞ்சு நுனி இருந்தது. நாற்பது ஆட்டம் வந்தபோது இல்லை.

வீட்டுக்கு வீடு கம்ப்யூட்டர் வந்து, அந்தக் கடையும் ஓய்ந்தது. அண்ணாச்சி சாமான்களை விற்றுவிட்டு அக்காவோடு சாத்தூருக்கே போய்விட்டார். கடை இருந்த வரிசை இப்போது இல்லை. அந்த இடத்துக்கு மேலே மெட்ரோ ரயில் போகிறது. சூரி படகை விட்டுவிட்டான்; முகத்துவாரத்தில் அனல்மின் நிலையத்துச் சாம்பல் படிந்து மீன் குறைந்த பிறகு கன்டெய்னர் யார்டில் காவல் வேலைக்குப் போனான். கல்யாணப் பத்திரிகை கொடுக்க மட்டும் வருகிறான்.

அண்ணாச்சி வருடத்துக்கு ஒரு தடவை போன் பண்ணுவார். சில வருடங்களுக்கு முன் ஒரு தடவை பண்ணியபோது அக்கா தவறிவிட்டதைச் சொன்னார். காரியமெல்லாம் முடிந்திருந்தது.  அவர் நிறுத்தாமல் பேசிக்கொண்டே போனார்.

"இங்க வந்த பொறவு ஒரு வழக்கம் தம்பி அவளுக்கு. கோயில் கொடைக்கு எங்க வாணம் விட்டாலும் மாடிக்கு ஏறிருவா. ரெண்டு காதையும் இறுக்கப் பொத்திக்கிட்டு அண்ணாந்து பாத்துக்கிட்டே நிப்பா. முடிஞ்ச பொறவுதான் எறங்குவா."

இந்த வருடம் அவர் அழைக்கவில்லை. நானே அழைத்துப் பார்த்தேன். அந்த எண் உபயோகத்தில் இல்லை என்று ஒரு பெண் குரல் தமிழில் சொன்னது. பிறகு அதையே இங்கிலீஷிலும் சொன்னது. இரண்டையும் கேட்டு முடித்துவிட்டுத்தான் போனை வைத்தேன்.