நீலம் கூடிப்போன சுவர்

பெயிண்ட் கடையில் நிறம் கலப்பது அவள் வேலை. அதனால் தெருவே அவளைப் ‘பெயிண்டக்கா’ என்றுதான் கூப்பிடும். வேண்டிய நிறத்துக்கான எண்ணைக் கணினியில் தட்டுவாள். இயந்திரம் வெள்ளைப் பெயிண்டில் சொட்டுச் சொட்டாகச் சாயம் விடும். அவள் கணவர் கணிதப் பேராசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். உலகத்தைக் கணக்கால் விளக்கலாம் என்று சொல்லி நிறுத்திக்கொள்ள மாட்டார். உலகமே கணக்குதான், வேறொன்றுமில்லை என்பது அவர் கட்சி.

“நீயே நம்பரைத் தட்டித்தானே நிறத்தை வரவழைக்கிற?” என்று மடக்குவார்.

“நம்பரைத் தட்டினா மட்டும் வந்துடுமா? உள்ள பெயிண்ட் இருக்கணும்ல?”

“அந்தப் பெயிண்டும் உள்ள போய்ப் பார்த்தா நம்பர்தான்.”

“அப்ப நாளைக்கு வெறும் டப்பால நம்பரை எழுதிக் கொடுத்துடறேன். வாங்குறவங்க சும்மா விடுவாங்களா?”

வாய்விட்டுச் சிரிப்பார். ஆனால் அன்று முழுக்க அது அவரைக் குடையும். அதில் அவளுக்குக் கொஞ்சம் பெருமை.

கூடத்துச் சுவருக்கு வெளிர்நீலம் என்று அவரே எண்ணைத் தேர்ந்தெடுத்தார். அடித்து முடித்ததும் முகம் சுளித்தார். “பழுப்பால்ல தெரியுது!” மறுபேச்சில்லாமல் நீலத்தைக் கூட்டி அடிக்கச் சொன்னாள். போதவில்லை என்றார். இன்னும் கூட்டினாள். வருகிறவர்களுக்கெல்லாம் கண் கூசியது. அவர் மட்டும், “இப்பத்தான் சரி” என்றார். அவளுக்குச் சுருக்கென்றது. மறுநாளே கண் மருத்துவரிடம் இழுத்துப் போனாள். இரண்டு கண்ணிலும் முற்றிய புரை; அதுதான் நீலத்தைப் பழுப்பாகக் காட்டியிருக்கிறது.

அறுவை சிகிச்சையெல்லாம் முடிந்து, கூடத்துக்குள் நுழைந்தவர் திகைத்து நின்றுவிட்டார்.

“யாரு இப்படி அடிச்சுத் தொலைச்சது?”

அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அவர் சொன்னார்: “கணக்கு தப்பில்ல. என் கண்ணை அதுல சேர்க்காம விட்டுட்டேன்.”

“சரி, சேர்த்துக்குங்க. ஆனா நீலமா தெரியுதே, அந்தத் தெரியறது எந்த நம்பர்ல இருக்கு?”

பதில் சொல்ல வாயெடுத்தவர், அவளையே பார்த்தார். “உனக்குத் தலை இவ்வளவு நரைச்சுப்போச்சா?”

“நல்லா பேச்சை மாத்துறீங்க!”

“மாத்தல. பதில் தெரியல. யோசிக்கணும்.”

அன்று மாலை ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டு, “இங்க வாயேன், எதிர்வீட்டுப் பூனை நல்ல வெள்ளை!” என்றார். போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். அடுத்தது மேகம், அதற்கும் போனாள். மூன்றாவது தடவை கூப்பிட்டபோது அடுப்பை அணைத்துவிட்டு, நாற்காலியை இழுத்துப் போட்டு அவர் பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டாள்.