மரத்த வாயோடு வெட்டிய நூல்

பல்லக்காவுக்கு அந்தப் பெயர் வந்தது பல் எடுப்பாக இருந்ததால் அல்ல, வேலையால் வந்தது.

தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் இருக்கும் நீளக் கட்டடத்தில்தான் அவள் வேலை பார்க்கும் காலக்கோட்டுச் சங்கம் இருந்தது. எட்டிப் பார்ப்பவர்கள் ஏதோ நெசவுக்கூடம் என்று நினைத்துப் போய்விடுவார்கள். உள்ளே தெருவுக்கு ஒரு மரச்சட்டம், ஆளுக்கு ஒரு நூல். போவதா வேண்டாமா, சொல்வதா வேண்டாமா என்று ஒருவர் தவிக்கும்போது அவர் நூலிலிருந்து ஒரு கிளை பிரியும். மனம் மாறிவிட்டால் அது பட்டுப்போகும். பட்ட கிளையை விட்டுவைத்தால் பக்கத்து நூலில் சுற்றிக்கொண்டு அண்டை வீட்டாரின் நாளையும் கெடுக்கும். அதனால் பட்டதை வெட்ட வேண்டும். உயிருள்ளதைத் தொடவே கூடாது.

இரண்டையும் கண்ணால் பிரித்தறிய முடியாது. முன்பல்லில் லேசாகக் கடித்துப் பார்க்க வேண்டும். உயிருள்ளது என்றால் எறும்பு ஊர்வதுபோல ஒரு துடிப்பு ஈறு வரை வரும். அதில் பல்லக்காவை மிஞ்ச ஆளில்லை. அந்தப் பெருமையும் அவளுக்குக் கொஞ்சம் உண்டு.

அவளுக்கே ஒரு கிளை இருந்தது. ரயிலேறி, தண்டவாளம் முடிகிற ஊர் வரைக்கும் தனியாகப் போய்விட்டு வர வேண்டும். காரணமெல்லாம் கிடையாது. கட்டிலுக்கு அடியில் பெட்டி தயாராக இருந்தது. சொந்த நூலைத் தானே பார்க்கக் கூடாது என்பது சங்கத்து விதி. அதனால் அவளுடைய நூல் கண்ணாடி என்கிற தோழியின் சட்டத்தில் இருந்தது.

“உன் கிளை இன்னும் பச்சையாவே கெடக்குடி. நீயும் கெளம்ப மாட்டேங்குற, அதுவும் காய மாட்டேங்குது. எடத்த அடைச்சிக்கிட்டு!” என்பாள் கண்ணாடி.

“உன்ன என்ன வாடகையா குடுக்கச் சொன்னேன்? இருந்துட்டுப் போகட்டும்.”

அன்று காலையில் பல்லக்கா கடைவாய்ப் பல்லைப் பிடுங்கிக்கொண்டு நேராக வேலைக்கு வந்தாள். ஊசி போட்டதில் வாய் மரத்துக் கிடந்தது. வாய் மரத்தவர்கள் சட்டத்தருகே போகக் கூடாது என்று அவளுக்குத் தெரியும். புதிதாகச் சேர்பவர்களுக்கு அதைச் சொல்லிக்கொடுப்பதே அவள்தான். ஆனால் மேற்பார்வையாளர் சுற்றி வரும் நாள் அது. அவளுடைய சட்டத்தில் ஒரு கிளை பக்கத்து நூலைத் தொட்டுக்கொண்டு நின்றது. தன் சட்டத்தில் சிக்கலா? ஒப்புக்குக் கடித்தாள். ஒன்றும் ஊரவில்லை. பட்டதுதான் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு வெட்டி, துண்டை மேலங்கிப் பையில் போட்டாள்.

சாப்பாட்டு நேரத்துக்குப் பிறகு வாயில் உணர்வு திரும்பியது. ஏனோ மனது கேட்காமல் துண்டை எடுத்துக் கடித்தாள்.

துடித்தது.

அது முனைத் தெரு சலூன்காரரின் கிளை. செருப்பை மாட்டியதுகூட நினைவில்லாமல் ஓடினாள்.

சலூன்காரர் தேய்த்த சட்டையும் வாசனையுமாகத் தன் கடை நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தார். மடியில் ஒரு கிலுகிலுப்பை.

“வா தங்கச்சி. நல்லவேளை வந்த. காலையில குளிச்சுக் கெளம்பி நிக்கிறேன், எங்க போறதுக்குன்னுதான் தெரியல. இத எவன் வாங்கி வச்சான்னும் தெரியல” என்று கிலுகிலுப்பையை ஆட்டிக் காட்டினார்.

நூலுக்குரியவரிடம் நூலைப் பற்றி வாய் திறக்கக் கூடாது. தெரிந்தும் பாதியைச் சொன்னாள். “உங்க மக வீட்டுக்கா இருக்கும்ணே. பேரப்புள்ளயப் பாக்க.”

அவர் முகம் சுண்டிவிட்டது. “யாரு, எங்கிட்ட சொல்லாமக் கல்யாணம் பண்ணிக்கிட்டுப் போனாளே, அவ வீட்டுக்கா? உனக்கு ஏன்மா இந்த வேண்டாத வேலை? உன் சோலியப் பாத்துக்கிட்டுப் போ!”

கிலுகிலுப்பை குப்பைக் கூடையில் விழுந்தது. எத்தனை காலம் தவித்து அவர் அதை வாங்கினாரோ. அந்தத் தவிப்பு அவளுடைய பைக்குள் துடித்துக்கொண்டிருந்தது. அவரிடம் மிஞ்சியது கோபம் மட்டும்தான்.

சங்கத்துக்குத் திரும்பி அவள் நீட்டிய துண்டைக் கண்ணாடி கையில் வாங்கிப் பார்த்து உதட்டைப் பிதுக்கினாள். “வெட்டினது தானா ஒட்டாது. உயிருள்ள வேற கிளைய வச்சு முறுக்கினாத்தான் பிடிக்கும். வெட்டினவதான் குடுக்கணும். உனக்கு இருக்கிறது ஒண்ணே ஒண்ணு.”

“எடு.”

“அவசரப்படாதடி. எடுத்துட்டா அந்த நெனப்பே இருக்காது.”

“அவரு அங்க உக்காந்திருக்காரு, கண்ணாடி. எடு.”

கத்தரிக்கோலின் சத்தம் கேட்டபோது பல்லக்கா சன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இரண்டையும் சேர்த்து முறுக்கி சலூன்காரரின் நூலில் கட்டிவிட்டு, இருவரும் மாறி மாறிக் கடித்துப் பார்த்தார்கள். மெதுவாக ஊரத் தொடங்கியது. சாயங்காலப் பேருந்தில் சலூன்காரர் ஏறுவதைத் தெருமுனையில் நின்று பார்த்த பிறகுதான் அவளுக்கு மூச்சு வந்தது.

அந்த வாரக் கடைசியில், பள்ளி வேன் ஓட்டும் அவள் கணவர் கட்டிலுக்கு அடியில் பெருக்கும்போது பெட்டியை இழுத்து வெளியே வைத்தார். “என்னம்மா, ரயிலு ரயிலுன்னு உயிர வாங்குவியே, எப்பப் போறதா உத்தேசம்?”

பெட்டியைத் திறந்து பார்த்தாள். மடித்த துணிகள், குடை, காகிதத்தில் சுற்றிய சோப்பு. யாரோ பார்த்துப் பார்த்து அடுக்கியிருந்தார்கள். தான் அடுக்கியதாகவே தோன்றவில்லை. குடையை மட்டும் எடுத்துக் கதவுக்குப் பின்னால் மாட்டினாள்.

சலூன்காரர் சங்கத்து வாசலுக்கே வந்துவிட்டார். “போய்ட்டு வந்துட்டேன் தங்கச்சி! பய என் மூக்கப் பிடிச்சுத் தொங்குறான். எம்மக என்னைப் பாத்து அழுதா, நானும் அழுதேன், மாப்ள என்ன பண்றதுன்னு தெரியாம ஃபேன போட்டு விட்டாரு. அன்னிக்கு நீ ஞாபகப்படுத்தலேன்னா நான் போயே இருக்க மாட்டேன். உன்னப் போயித் திட்டிட்டேன் பாரு. மனசுல வச்சுக்காதம்மா, மன்னிச்சிரு.”

உண்மையைச் சொல்லிவிட வாயெடுத்தாள். உள்ளே, அவருடைய நூல் இன்னும் புது முடிச்சோடு ஆடிக்கொண்டிருந்தது. சொன்னால் முடிச்சு நெகிழும்.

“அதெல்லாம் ஒண்ணுமில்லண்ணே. விடுங்க” என்றாள்.

அவர் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுப் போனார். பல்லக்கா சட்டத்துக்குத் திரும்பி அடுத்த கிளையைப் பல்லில் வைத்தாள். நன்றாகத்தான் துடித்தது. ஆனாலும் எடுத்துவிட்டு மறுபடி கடித்தாள், மறுபடியும் கடித்தாள்.