மடுவில் விட்ட கெளுத்தி

திருவண்ணாமலைக்கு வருகிறவர்கள் மலையைச் சுற்றிவிட்டுப் பஸ் ஏறிவிடுகிறார்கள். பக்கத்தில் துரிஞ்சலாறு என்று ஒன்று இருப்பது உள்ளூரிலேயே பாதிப் பேருக்குத் தெரியாது. ஆறும் அதற்கு ஏற்றதுதான். சத்தம் போடாது, அவசரப்படாது. ஐப்பசி மழையில் கலங்கி வந்து, நாணலுக்கும் கோரைக்கும் நடுவே ஊர்ந்து, பங்குனியில் அங்கங்கே குட்டையாகத் தேங்கிவிடும். கோடை முற்றினால் குட்டைகளும் வற்றி, வளைவில் ஒரே ஒரு மடு மிஞ்சும். அடுத்த வருடம் ஆற்றை நிரப்ப வேண்டிய மீன்கள் எல்லாம் அங்கேதான் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டிருக்கும்.

அந்த மடுவுக்கு ஓரமாகத்தான் குணபாலன் வீடு. சுற்றிலும் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, போடும் நிலம். மனைவி சுதர்சனா இறந்து நாலு வருடம் ஆகிறது. மகன் நிர்மல் புனேயில் வேலை பார்க்கிறான். குணபாலன் ஜைனர், ஊர் வழக்கத்தில் நைனார். பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுவிடுவார். அதற்குப் பிறகு வருகிற ராத்திரிதான் நீளம் என்று ஒருமுறை என்னிடம் சொன்னார். புகாராகச் சொல்லவில்லை, இன்றைக்கு வெயில் ஜாஸ்தி என்பது போலச் சொன்னார்.

சுதர்சனா தண்ணீரை இரட்டைத் துணியில் வடிகட்டுவார். துணியில் தங்கிய, கண்ணுக்குத் தெரியாத உயிர்களை எடுத்த இடத்திலேயே அலசி விடுவார். அவர் போன பிறகு குணபாலன் அந்த வேலையைக் கொஞ்சம் பெரிதாக்கிக்கொண்டார். கோடையில் குட்டை குட்டையாகப் போய், சேற்றில் துடிக்கும் கெண்டையையும் அயிரையையும் பக்கெட்டில் அள்ளி மடுவில் கொண்டுவந்து விட்டார். மீன் ஆம்புலன்ஸ் என்று ஊர் சிரித்தது. நானும்தான் சிரித்தேன். சாயங்காலம் அவர் கரையில் உட்கார்ந்தால் கெண்டைகள் மேலே வந்து வாய் திறக்கும். பேச்சுத்துணை இல்லாத மனிதருக்கு அதுவும் துணைதானே. மீன் பிடிக்கிற குமரேசன் அவருக்காக ஒரு வாக்கும் கொடுத்திருந்தான். அவர் சரி என்று சொல்லாமல் அந்த மடுவில் வலை விழாது.

போன கோடையில் முழுக்க வற்றிய ஒரு குட்டையில் மீசை வைத்த கருப்பு மீன்கள் சில நெளிந்துகொண்டிருந்தன. மற்றதெல்லாம் செத்துக் காய்ந்திருக்க, இவை மட்டும் சேற்றைத் தின்று உயிரோடு கிடந்தன. உயிர் மேல் இவ்வளவு ஆசையா என்று உருகிப்போய், வெயிலில் திரும்பத் திரும்ப நடந்து, எல்லாவற்றையும் மடுவில் விட்டார்.

இந்த வருடம் கெண்டை மேலே வரவில்லை. அயிரை கண்ணிலேயே படவில்லை. மீன்கொத்தி வந்து வந்து பார்த்துவிட்டு வருவதை நிறுத்திக்கொண்டது. முழங்கை நீளத்துக்கு மீசைக்காரர்கள்தான் புரண்டார்கள். குமரேசன் எட்டிப் பார்த்துவிட்டு, யாரோ மீன் வளர்த்த குட்டை வழிந்து ஆற்றில் இறங்கிய ஆப்பிரிக்கக் கெளுத்தி என்றான். கிடைப்பதையெல்லாம் தின்றுவிடும், மழையில் ஆறு ஓடினால் தென்பெண்ணை வரைக்கும் போய்விடும், அதற்குள் வலை போட்டு எடுத்தால்தான் மிச்சம் மீதி பிழைக்கும் என்றான்.

குணபாலனுக்கு அதுதான் சிக்கல். கொல்லக் கூடாது, கொல்லச் சொல்லக் கூடாது, கொல்கிறவனுக்குச் சரி என்று தலையாட்டவும் கூடாது. அவர் எடுத்துக்கொண்ட விரதம் அப்படி. மகனுக்குப் போன் போட்டார். அதெல்லாம் உங்களுக்கு எதுக்குப்பா, கண்டுக்காம விடுங்க என்று அவன் வைத்துவிட்டான். கேட்பதற்கு வேறு ஆள் இல்லை. சுதர்சனா இருந்திருந்தால் இந்த மனிதர் பக்கெட்டையே தூக்கியிருக்க மாட்டார் என்பது என் எண்ணம்.

வானம் மூடிக்கொண்ட ஒரு காலையில் குமரேசனே வந்தான். நல்ல மனசுக்காரன், தப்பிக்கிற வழியையும் கையோடு கொண்டுவந்திருந்தான்.

“நீங்க ஒண்ணும் சொல்ல வாணாம் நைனாரே. உள்ள போய் கதவ சாத்திக்குங்க. நான் திருட்டுத்தனமா போட்டேன்னு இருக்கட்டும்.”

பிறகு இதைக் குமரேசன் சொல்லக் கேட்டபோது எனக்குக் கோபம்தான் வந்தது. அப்படியே உள்ளே போயிருக்கலாம் அல்லவா? மனிதர் போகவில்லை.

“கொண்டாந்து விட்டது நானு. இதுங்களுக்கு என்னா தெரியும், பசிச்சுது, தின்னுச்சு. நான் சொல்றேன் குமரேசா. வலைய போடு.”

சொன்னதோடு நிற்காமல் கூடவே போனார். ஒவ்வொரு இழுப்பையும் கரையில் நின்று பார்த்தார். அழுதார். வலையில் வந்த சில கெண்டைக்குஞ்சுகளைக் குமரேசன் பொறுக்கித் தண்ணீரில் விட்டு, பாருங்க, இன்னும் இருக்குது என்று காட்டினான். அவர் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. கரையில் குவிந்து கிடந்த கெளுத்திகளையே பார்த்துக்கொண்டிருந்தார். சீக்கிரம் சாகிற மீனா அது? மதியம் தாண்டியும் செவுள் அசைந்துகொண்டே இருந்தது.

தூறல் போட ஆரம்பித்தது. குமரேசன் வலையைச் சுருட்டிக்கொண்டு, காலையில் வந்து குழி வெட்டிப் புதைத்துவிடுகிறேன், வாங்க போகலாம் என்று கூப்பிட்டான்.

“நீ போப்பா. இதுங்க அடங்குற வரிக்கும் யாராச்சும் கூட இருக்கணும் இல்ல.”

சொல்லிவிட்டு அவற்றின் பக்கத்தில், சேற்றிலேயே உட்கார்ந்தார்.